செய்தி வாசிப்பவர் உடுத்தியிருப்பது

"டாக்டர், உங்க வெள்ளச் சேலைய ஞாயித்துக்கிழமை ஒரு நாள் நான் உடுத்திக்கணும்."

கேட்டுவிட்டேன். இடுப்பில் துணிமூட்டையோடு, டாக்டர் சுல்ஃபத் வீட்டுப் பின்வாசல் படியில் நின்று, அவர் முகத்தைப் பார்த்தே கேட்டேன். ஐந்து வயதில் முதன்முதலாக மூட்டை தூக்கிக்கொண்டு மட்டாஞ்சேரி வீடுகளுக்கு அப்பாவின் பின்னால் போனபோது அவர் சொல்லித்தந்த பாடம் ஒன்றுதான். வீட்டுக்காரரிடம் அழுக்குத் துணியைக் கேள், கூலியைக் கேள், வேறு எதையும் கேட்காதே. தாகம் எடுத்தால் களத்துக்கு வந்து குடி. அவர்கள் துணியை உடுத்திப் பார்க்க ஆசை என்று வாய் தவறியும் சொல்லிவிடாதே, சொன்ன அன்றைக்கு நம் வீட்டு அடுப்பு அணையும். பதினேழு வருஷம் அந்தப் பாடத்தைப் பத்திரமாக வைத்திருந்தேன். பி.ஏ. வரலாறு முடித்த கையோடு தொலைத்துவிட்டேன்.

டாக்டர் சிரித்தார். பாலக்காட்டு ராவுத்தர் வீட்டுப் பெண். எங்களிடம் தமிழில்தான் ஆரம்பிப்பார், பாதி வழியில் மலையாளம் ஏறிக்கொள்ளும்.

"எதுக்கு மோளே? பெண்ணு காணான் மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வர்றாங்களா?"

"டிவில செய்தி வாசிக்கணும்."

"டிவிலயா!"

"எங்க டிவில. பலகைல அடிச்சது. பள்ளுருத்தி வாசகசாலை ஆண்டுவிழால எங்க பசங்க நாடகம் போடுறாங்க. நான்தான் செய்தி."

உள்ளே போய் எடுத்து வந்தார். வெள்ளைப் பருத்தி, ஓரத்தில் விரல் அகலத்துக்கு நீலக்கரை. துவைக்கப் போட வைத்திருந்ததுதான். என் கையில் கொடுத்துவிட்டு, விடாமல் அதன் ஒரு நுனியைப் பிடித்துக்கொண்டே கேட்டார்.

"இது எப்படியும் ஒரு வாரம் உங்க வீட்டுலதானே கிடக்கும்? என்கிட்ட சொல்லாம உடுத்தியிருந்தா எனக்குத் தெரியவா போகுது?"

"அப்படி உடுத்துறவங்க உண்டு டாக்டர். எனக்கு அது வேண்டாம்."

அதோடு வாயை மூடிக்கொண்டு வந்தேன். ஒரு வாக்கியத்துக்கு முன்னால் மூடியிருக்க வேண்டும்.

எங்கள் டிவியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். முப்பது தமிழ்க் குடும்பங்கள் துவைத்துக் காயப்போட்டுத் தேய்க்கிற இடத்தை நாங்கள் வெறுமனே களம் என்போம். 1986-இல் களத்தில் ஒருவர் வீட்டிலும் டிவி கிடையாது. ஆனாலும் கொச்சியில் எங்களைப் போல டிவி பார்த்தவர்கள் இருக்க மாட்டார்கள். தேய்த்த துணியைக் கொண்டுபோய்க் கொடுக்கும் நேரமும் மலையாளச் செய்தி நேரமும் ஒன்று. வீட்டுக்காரர்கள் திரும்பாமலே கையைக் காட்டுவார்கள், நில், முடியட்டும். நாங்கள் ஜன்னலுக்கு வெளியே நிற்போம். ஒரு வீட்டில் தலைப்புச் செய்தி, அடுத்த வீட்டில் விளையாட்டு, மூன்றாவது வீட்டில் வானிலை. உட்கார்ந்து பார்ப்பவர்களுக்குச் செய்தி தெரியும். நின்று பார்த்த எங்களுக்கு வாசிப்பவரின் காலர் தெரிந்தது. "இன்னைக்குக் கஞ்சி கூடிப்போச்சு, கழுத்தத் திருப்ப முடியாமத் தவிக்காரு பாரு" என்று அப்பா வரும் வழியில் சொல்வார். டிவி நிலையம் இருந்த திருவனந்தபுரத்தில் யார் தேய்க்கிறார்களோ, அவர்களுக்கு இடது தோளில் பெட்டியை அழுத்தும் பழக்கம் இருந்தது என்பது எங்கள் களம் முழுக்கத் தெரியும்.

செல்லதுரை அண்ணன் இதை எல்லாம் சேர்த்துத்தான் நாடகமாக்கினார். பகலில் இஸ்திரிப் பெட்டி பிடிக்கும் ஆள், பேச்சில் சிரிப்பே இருக்காது, கேட்கிறவன் வயிற்றைப் பிடித்துக்கொள்வான். துறைமுகத்து ஐலண்டிலிருந்து வந்த தேயிலைப் பெட்டிப் பலகைகளைச் சேர்த்தடித்து, முன்பக்கத்தை வெட்டி எடுத்து, இரண்டு பேர் உட்காரும் அளவுக்கு ஒரு டிவி செய்தார். பக்கவாட்டில் திருகுவதற்கு இரண்டு பவுடர் டப்பா மூடிகள். மேலே உடைந்த குடைக்கம்பியால் ஆண்டெனா. பொங்கலுக்குக் களத்தில் போட்டார்கள், பிறகு சர்ச் பெருநாள், பிறகு ஓணத்துக்குக் கிளப்காரர்கள் கூப்பிட்டார்கள்.

முதல் காட்சியில் ராமர் வருவான். செல்லதுரை அண்ணனின் மச்சான், தொட்டியடியில் துவைப்பவன். டிவியில் படம் நின்றுபோனால் காட்டுவது போல, 'தடங்கல். பொறுக்கணும்' என்று மலையாள எழுத்தில் எழுதிய அட்டையைப் பிடித்துக்கொண்டு பெட்டிக்குள் நிற்பான். அவ்வளவுதான் காட்சி. ஒரு நிமிஷம் நிற்பான், இரண்டு நிமிஷம் நிற்பான். சனங்கள் நெளிவார்கள், கத்துவார்கள், யாராவது வந்து ஆண்டெனாவைத் திருப்புவார்கள், ராமர் அதற்கேற்பச் சாய்வான், நேராகமாட்டான். ஐந்தாவது நிமிஷத்தில் முதல் ஆள் சிரிப்பான், ஆறாவது நிமிஷத்தில் பந்தல் அதிரும். அடுத்தது வேளாண்மை. "தென்னைக்கு உரம் எப்போ வைக்கணும்?" என்று அதிகாரி வேடத்தில் செல்லதுரை அண்ணன் கேட்பார். "சார், அதுக்கு முன்னால ஒரு சம்சயம்." "சொல்லுங்க." "மண்ணு எங்க சார் கிடைக்கும்?" அதிகாரி தாளைப் புரட்டுவார். "அது அடுத்த வாரம்."

பெண் செய்தி வாசிப்பவராகவும் ராமர்தான் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு வந்தான். ஒருநாள் ஒத்திகையில் கல்லடியில் நின்றபடி நான் சொன்னேன், அவங்க அப்படித் தலையை ஆட்ட மாட்டாங்க, வரி முடியுற இடத்துல மட்டும் கண்ணைத் தூக்குவாங்க, கெட்ட செய்தியா நல்ல செய்தியான்னு முகத்துல தெரியாது, கல்யாண வீட்டுல மொய் வாங்குறவர் மாதிரி இருக்கும் என்று. செல்லதுரை அண்ணன் திரும்பிப் பார்த்தார்.

"அப்ப நீ வா."

இருபத்திரண்டு வயது வரைக்கும் என்னைப் போ என்று சொன்னவர்கள்தான் அதிகம். போய்ப் படி, போய்த் துவை, போய் விண்ணப்பம் போடு. அந்த ஒரு 'வா'வுக்கு நான் செல்லதுரை அண்ணனுக்குக் கடைசி வரை கடமைப்பட்டவள். என் கோபமெல்லாம் அதுவரை சும்மா கிடந்து புளித்துக்கொண்டிருந்தது. அந்தப் பெட்டிக்குள் உட்கார்ந்த பிறகுதான் அதற்கு ஒரு வேலை கிடைத்தது. எங்களில் யாருக்கும் தமிழ் எழுத்து சரளமாக வராது. தமிழ்ப் பேச்சை மலையாள எழுத்தில் எழுதிவைத்துத்தான் வாசிப்பேன். 'களத்தின் மூன்றாவது குழாயில் இன்று காலை தண்ணீர் வந்தது. இது குறித்து மகளிர் அதிர்ச்சி தெரிவித்துள்ளனர். இரு தரப்புப் பேச்சுவார்த்தைக்குப் பின் தண்ணீர் திரும்பிச் சென்றது.' அதை நான் கண்ணைத் தூக்காமல் வாசிக்கும்போது, குழாயடியில் உண்மையாகவே அடித்துக்கொண்டவர்கள் முன்வரிசையில் உட்கார்ந்து கண்ணீர் வரச் சிரிப்பார்கள்.

செல்லதுரை அண்ணன் போடும் கோட்டு பேங்க் மேனேஜர் விஸ்வேஸ்வரனுடையது. அவருக்குத் தெரியாது. களத்தில் இது ஊரறிந்த ரகசியம். கல்யாணத்துக்கு ஒரு சட்டை, கோயிலுக்கு ஒரு சேலை, ஒரு நாள் உடுத்தி மறுபடி ஒருமுறை துவைத்துவிட்டால் பாவம் தண்ணீரோடு போயிற்று என்று கணக்கு. "டாக்டரம்மா சேலைய எடுத்துக்கோ, மறுநாள் ஒரு அலசு கூடுதலா அலசு" என்றுதான் எனக்கும் சொன்னார்கள்.

என்னால் அது முடியாது. ஏழாம் வகுப்பில் ஓணத்துக்கு அப்பா பிராட்வே போய், ஒரு கடை விடாமல் ஏறி இறங்கி, மஞ்சள் பாவாடை ஒன்று வாங்கி வந்தார். அதை உடுத்திக்கொண்டு பள்ளிக்கூடம் போனேன். பக்கத்துப் பெஞ்சுக்காரி துணியைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "கொள்ளாமே, இது ஏது வீட்டிலேதா?" என்றாள். எந்த வீட்டுத் துணி என்று. எங்கள் வீட்டுத் துணி என்று சொன்னேன். வகுப்பே சிரித்தது. அப்பாவுக்கு அது இன்றுவரை தெரியாது. ஆகவே உடுத்தினால் கேட்டு உடுத்துவேன், இல்லாவிட்டால் துண்டைக் கட்டிக்கொண்டு வாசிப்பேன் என்று முடிவெடுத்திருந்தேன்.

டாக்டரைக் குறை சொல்ல மாட்டேன். அவர் என்னை மெச்சித்தான் பேசியிருக்கிறார். 'எங்க வீட்டுக்குத் துணி எடுக்க வர்ற பெண்ணு எத்ர மரியாதையா கேட்டா தெரியுமோ, மத்தவங்க போல சொல்லாம உடுத்தல' என்று ஆஸ்பத்திரியில் இரண்டு பேரிடம். அந்த 'மத்தவங்க' என்ற சொல் செவ்வாய்க்கிழமை பாலஸ் ரோட்டைத் தாண்டியது. புதன்கிழமை ஒரு வீட்டில் மூட்டையை அவிழ்த்து அப்பா முன்னாலேயே எண்ணினார்கள். வியாழக்கிழமை விஸ்வேஸ்வரன் மாமி ஒவ்வொரு காலராக மோந்து பார்த்தாளாம். வெள்ளிக்கிழமைக்குள் நாலு வீட்டுத் துணி, பிராட்வேயில் புதிதாகச் சலவை இயந்திரம் வைத்திருந்த கடைக்குப் போய்விட்டது. களத்தில் என்னைக் கண்டதும் பேச்சை நிறுத்தினார்கள். எடுத்து உடுத்தியவர்கள் யார் மேலும் கோபமில்லை. கேட்டவள் மேல்தான்.

அப்பா திட்டவில்லை. சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டுச் சொன்னார்.

"நாப்பது வருசம். இந்த வீரபாண்டி கொண்டுவந்த மூட்டைய ஒருத்தன் எண்ணினதில்ல. நான் ஒருத்தன்கிட்டயும் ஒண்ணும் கேட்டதில்ல, அதனால எண்ணல. இந்தப் புதன்கிழமை எண்ணிட்டான்."

அவர் வைத்திருந்தது இரண்டு சட்டை. இரண்டும் அவருடையவை. என் நேர்மை இடித்தது சரியாக அந்த ஒரு மனிதரைத்தான்.

சனிக்கிழமை டாக்டர் வீட்டுக்கு மூட்டை கொண்டுபோனேன். சேலையைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்றுதான் எடுத்துப் போனேன். டாக்டர் பின்வாசலுக்கே ஓடிவந்தார்.

"என்னோட நாக்குதான் மோளே குற்றம். உங்கப்பாகிட்ட எந்த முகத்தோட பேசுவேன் ஞான்?"

"பேச வேண்டாம் டாக்டர். கேட்டதுதான் தப்புன்னு இருக்காரு. அவரு சென்மத்துல யார்கிட்டயும் எதுவும் கேட்டதில்லையாம்."

டாக்டர் நான் நின்ற படியைப் பார்த்தார். பிறகு, "என்கிட்ட கேட்டிருக்காரே" என்றார்.

நாலு வருஷம் முன்னால், கல்லூரி விண்ணப்பத்தில் சான்றிதழ் நகல்களுக்கு அரசு மருத்துவர் மாதிரி ஓர் அதிகாரியின் கையெழுத்து வேண்டியிருந்தது. கையெழுத்தோடு அப்பா தாளைக் கொண்டுவந்து தந்தார். கூலி கொடுத்தால் ஆஸ்பத்திரியில் டாக்டரிடம் வாங்கித் தருகிற ஆள் இருக்கிறான் என்று சொன்னார், நானும் நம்பினேன். டாக்டர் சொன்னார், நீ நிற்கிற இதே படியில்தான். ஒரு காலைப் படியில் வைத்து, ஒரு காலை மண்ணில் வைத்து, காலையிலிருந்து ஓ.பி. முடியும் வரை நின்றார். மூட்டை கொடுத்தாயிற்று, பின்னே ஏன் நிற்கிறார் என்று வேலைக்காரி கேட்டதற்கும் பதில் இல்லை. நான் ஆஸ்பத்திரியிலிருந்து வந்ததும் தாளை நீட்டினார், வாய் திறக்க வரவில்லை. எம்மவ, என்றார். அவ்வளவுதான் சொன்னார். அதற்குமேல் கேட்கத் தெரியவில்லை அவருக்கு.

நான் சேலையைத் திருப்பிக் கொடுக்காமல் வீட்டுக்கு வந்தேன். சாயங்காலமே கஞ்சி போட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மூன்று மணிக்குக் களத்தில் சேலை விவகாரத்துக்குக் கூட்டம். ஆறு மணிக்குப் பள்ளுருத்தியில் நாடகம். கூட்டத்துக்கு நான் அந்தச் சேலையை உடுத்திக்கொண்டுதான் போனேன். அம்மா பேச்சி தரையில் முட்டி போட்டுக் கொசுவம் பிடித்துவிட்டாள். "எல்லாப் பயலும் பாப்பான், நல்லாப் பாக்கட்டும், மடிப்பு நேரா இருக்கணும்" என்றாள். அம்மா என் பக்கமா அப்பா பக்கமா என்று எனக்கு அதுவரை தெரியாது.

தொட்டிகளுக்கு நடுவில் எல்லோரும் நின்றிருந்தார்கள். தலைவர் அழகர் மாமா மட்டும் கவிழ்த்த வாளி மேல். என்னைப் பார்த்ததும் ஒரு நொடி எழுந்துவிட்டார். வெள்ளைச் சேலை, நீலக்கரை, யாரோ அதிகாரி வந்துவிட்டதாக நினைத்திருக்க வேண்டும். பிறகு கோபத்தோடு உட்கார்ந்தார்.

"திண்ணக்கத்தப் பாத்தீகளா? பஞ்சாயத்தே அந்தச் சேலைக்கு, அதையே சுத்திட்டு வந்துருக்கா!"

"நேரமில்ல மாமா. இங்கருந்து நேரா பஸ்ஸு."

"நீ எங்கயும் போகல. ராமர் வாசிப்பான். நீ இப்ப டாக்டரம்மா வீட்டுக்குப் போற, சேலையக் குடுக்குற, நான் சும்மா தமாசுக்குச் சொன்னேன், எங்க களத்துல ஒருத்தரும் வீட்டுக்காரங்க துணிய ஒடம்புல போட்டதில்லன்னு சொல்ற. எல்லா வீட்டுலயும் போய்ச் சொல்ற."

"பொய்யி."

"ஆமா, பொய்யிதான். உனக்குப் பரீச்சைன்னா உங்க வீட்டு மூட்டையையும் சேத்துத் தொவச்சாளுகளே, அப்ப அது மெய்யி. உன்னப் படிக்கவச்சது இந்தக் களம். அந்த நன்றிக்கு ஒரு பொய்யி சொல்ல மாட்டியா?"

அது உண்மை. மார்ச் மாதங்களில் என் பங்கு மூட்டை எந்தக் கல்லில் போய் முடிந்தது என்று நான் கேட்டதில்லை, அவர்களும் சொன்னதில்லை. சுற்றி நின்ற பெண்களின் கைகளைப் பார்த்தேன். சவுக்காரத்தில் வெடித்த கைகள். மாமா சொன்னது சரி என்பதாலேயே மேலும் கோபம் வந்தது. அழகர் மாமா விடவில்லை. கத்தினார். செல்லதுரையின் கோட்டு, ராமரின் துண்டு, டிவி, காலேஜ், எல்லாவற்றையும் சேர்த்துக் கத்தினார். "இல்லாட்டி வீரபாண்டியோட கல்ல குழாயடிலருந்து கடைசி வரிசைக்கு மாத்துவோம்!"

அப்போது ராமர், பஸ்ஸில் ஏற்றுவதற்காகக் கக்கத்தில் வைத்திருந்த அட்டையை எடுத்து, அழகர் மாமாவின் முகத்துக்கு முன்னால் பிடித்தான்.

தடங்கல். பொறுக்கணும்.

மாமா அட்டையைத் தள்ளினார், ராமர் சாய்ந்தான், அட்டை அதே இடத்துக்கு வந்தது. பின்னால் யாரோ ஒரு பெண் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். எனக்கு என்ன செய்ய வேண்டும் என்று தெரிந்துவிட்டது. அங்கிருந்த துவைகல்லின் பின்னால் போய் நின்றேன். நாடகத்துக்காகக் கையில் வைத்திருந்த தாள்களைக் கல்லில் தட்டி அடுக்கினேன்.

"வணக்கம். செய்திகள் வாசிப்பது முப்பிடாதி. முக்கியச் செய்தி. களத்தில் எவரும் பிறர் உடையை அணிந்ததில்லை எனத் தலைவர் அழகர் திட்டவட்டமாக மறுத்துள்ளார்." கண்ணைத் தூக்கினேன். தாழ்த்தினேன். "மறுக்கும்போது அவர் அணிந்திருந்த சட்டை கஸ்டம்ஸ் அதிகாரி வெங்கிடேஸ்வரனுடையது என்று, காலரிலுள்ள சலவைக் குறியை மேற்கோள் காட்டி, நம்பத்தகுந்த வட்டாரங்கள் தெரிவிக்கின்றன."

மாமாவின் கை தன்னிச்சையாகக் காலருக்குப் போயிற்று. அதற்குப் பிறகு என்னால் இரண்டு நிமிஷம் வாசிக்க முடியவில்லை. சிரிப்பென்றால் அப்படி ஒரு சிரிப்பு. தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அழகர் மாமாவின் பெண்டாட்டிதான் எல்லோரையும்விடச் சத்தமாக. செல்லதுரை அண்ணன் சிரிக்கவில்லை. முகத்தை இறுக்கிக்கொண்டு போட்டிருந்த கோட்டைக் கழற்றி மடித்தார்.

"அடுத்த செய்தியையும் வாசி" என்றார். "நாளைக்கு மேனேஜர் வீட்டுப் படியில போய்க் கேக்கப் போறேன். அவரு தந்தா அடுத்த நாடகத்துக்குக் கோட்டு. தரலேன்னா இனிமே துண்டுதான்."

"கிடைத்த தகவல்" என்று அதையும் வாசித்தேன். "தேர்வுக் காலங்களில் செய்தி வாசிப்பவரின் மூட்டைகளைத் துவைத்த பெண்களின் பெயர்கள் வருமாறு." இதையும் நான் எழுதி வரவில்லை. எனக்குத் தெரிந்த பெயர்களைச் சொன்னேன். தெரியாதவற்றைச் சுற்றி நின்றவர்கள் முகத்தைப் பார்த்து ஊகித்துச் சொன்னேன். ஒருத்தி, "என் பேர விட்டுட்டியேட்டி, ரெண்டாம் வருசம் நான்லா தொவச்சேன்" என்றாள். சேர்த்துக்கொண்டேன்.

இன்னொரு செய்தி இருந்தது. அது கடைசித் தாளில் இருந்தது, காலையில்தான் எழுதியது. கேட்டதே இல்லை என்கிற ஒரு மனிதர் ஒரு கால் படியிலும் ஒரு கால் மண்ணிலுமாக நின்றது பற்றி. அதை வாசித்தால் அழகர் மாமாவுக்கு அன்றோடு பேச்சிருக்காது. கேட்பது குற்றமென்றால் குற்றவாளி யார் என்று களத்துக்கே தெரிந்துவிடும். எதையும் அடக்கத் தெரியாத வாய் என்று பெயர் எடுத்தவள் நான். கூட்டத்துக்கு வெளியே, காயப்போடும் கயிற்றுப் பக்கம் தனியாக நின்றிருந்தார் அப்பா. என் கையிலிருக்கும் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு எழுத்து தெரியாது. எழுதியிருப்பது தெரிந்தவர் போலப் பார்த்தார்.

தாளைத் திருப்பி, எழுத்து கல்லைப் பார்க்கும்படி வைத்தேன்.

"இத்துடன் செய்திகள் முடிவடைந்தன. வணக்கம்."

அழகர் மாமா இன்னும் காலரைப் பிடித்தபடி இருந்தார். "கல்லு மாறும்" என்றார். அவர் குரல் கீழே இறங்கியிருந்தது. "சிரிச்சா மட்டும் வயிறு நெறஞ்சிருமா? போன நாலு வீடு திரும்பி வருமா?"

"போய்ட்டு வாரேன் மாமா, நாளைக்கு நாலு வீட்டுக்கும் நான் போறேன், பொய்யி சொல்லல, வாங்கன்னு கூப்பிடுறேன்" என்று மட்டும் சொன்னேன். யாரும் வழி மறிக்கவில்லை, வழி விடவுமில்லை. ஈரத் துணிகளுக்கு நடுவே ஒதுங்கி, சேலையில் ஒன்றும் படாமல் நடந்தேன். கயிற்றுப் பக்கம் வந்ததும் அப்பா கை நீட்டி நிறுத்தினார். ஒரு எட்டுப் பின்னால் போய், வீட்டுக்காரர் கையில் கொடுப்பதற்கு முன் எந்தத் துணியையும் எப்படிப் பார்ப்பாரோ அப்படிப் பார்த்தார். தோள், முந்தானை, கரை, கால் பக்கம். குனிந்து கரையில் ஒட்டியிருந்த ஒரு நூலை எடுத்தார்.

"கல்லு எங்க கிடந்தா என்ன, தண்ணி சுமந்துக்கிடலாம்" என்றார். பிறகு, "பஸ்ஸுல உக்காராத. கசங்கிரும்."

தலையாட்டினேன். வாசலுக்கு வெளியே ராமரும் செல்லதுரை அண்ணனும் டிவியைத் தலையில் தூக்கிக்கொண்டு ரோட்டில் ஏறிவிட்டார்கள். களத்து ஓடையில் நீலம் கலந்த தண்ணீர் போய்க்கொண்டிருந்தது. கொசுவத்தை இரண்டு விரலால் கணுக்கால் தெரியத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, நான் அதைத் தாண்டினேன்.